மாலை போட்ட படம்

சின்னப் படங்களுக்கு நடிக்க ஆள் பிடித்துத் தருவதும், அதிலேயே எனக்கும் ஒரு வேஷம் கேட்டு வாங்கிக்கொள்வதும்தான் என் பிழைப்பு. பட்டாளம் ஆட்சியைப் பிடித்த பிறகு யாங்கோனில் முகம் காட்டவே ஜனங்கள் பயப்படுகிறார்கள். அவர்களிடம் போய் முகம் கேட்கிறவள் நான்.

அந்த முறை எனக்கே அம்மா வேஷம். இறந்துபோன மகனின் படத்துக்கு முன்னால் உட்கார்ந்து அழ வேண்டும். மாலை போட்டு மாட்டுவதற்கு என் சாடையில் ஒரு பையன் படம் வேண்டுமாம்.

"உங்க மகன் படத்தையே மாட்டிடலாமே, மமா," என்றார் இயக்குநர். அக்காவை 'மமா' என்று கூப்பிடும் பர்மாக்காரர், அவருக்கு மாலை என்றால் பூ, அவ்வளவுதான். எனக்கு வந்த ஆத்திரத்தில் டீ கிளாஸை ணங்கென்று வைத்தேன். பட்டாளத்துக்கு ஆள் பிடிக்கிறார்கள் என்று என் மகன் தாய்லாந்து எல்லைப் பக்கம் ஓடியிருந்தான். வாரக்கணக்கில் போன் இல்லை. இருக்கிறானா என்றே தெரியாத பிள்ளையின் படத்துக்கு மாலை போடுவதா?

தாமுவே பேட்டையில் ஒரு பையன் படம் தரச் சம்மதித்தான். அவனுடைய அம்மா குறுக்கே வந்து நின்றாள்.

"ஏன்க்கா, ஒங்க மகன் படத்துக்கு மால போடுவீங்களா?"

எழுந்து வந்துவிட்டேன்.

கடைசியில் இயக்குநரிடம் நானே சொன்னேன்: "செத்தது மகன் இல்ல, அம்மா. அப்பா அழட்டும். என் படத்த மாட்டுங்க." பாழாய்ப்போன நாக்கு, கிடைத்த நல்ல வேஷத்தைத் தானே தின்றுவிட்டது. நான் ஆணியில் தொங்கினேன், மாலையும் குங்குமமுமாக. அப்பாவாக நடித்தவர் தேம்பித் தேம்பி அழுதார். நான் கேமராவுக்குப் பின்னால், மடியில் போனை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். எங்கள் ஆட்களில் ஒருவர் அந்தச் சுவரைப் படம் பிடித்து இணையத்தில் போட்டது எனக்குத் தெரியாது.

மறுநாள் சோறு வடிக்கும்போது போன் அடித்தது. தெரியாத எண். எடுத்தால் ஒரே விசும்பல்.

"யாரு பேசுறது? அம்மா படத்தப் பாத்தேன். எப்ப போனாங்க? யாருமே சொல்லல..."

என் மகன் குரல். சோற்றுப் பானையை அப்படியே விட்டுவிட்டேன்.

"நாந்தான்டா. அம்மாதான் பேசுறேன். அது சினிமாடா."

விசும்பல் நின்றது. லைன் அறுந்துவிட்டதோ என்ற பயத்தில் கத்திவிட்டேன்.

"பாவி, நான் செத்தாத்தான் போன் பண்ணுவியா?"

மறுபடி அழ ஆரம்பித்தான். அழட்டும் என்று விட்டேன். அழுகிற வரைக்கும் இருக்கிறான்.