கோயிலுக்கு வடக்கே ஒரு கிணறு

வெள்ளத்துக்குப் பயந்து மேட்டில் குடியேறுகிறவன், குடிக்கத் தண்ணீருக்கு என்ன செய்வது என்று யோசிக்க மாட்டானா? எங்கள் ஆட்கள் யோசிக்கவில்லை. கல்லூரி லீவில் வந்து அசந்து படுத்திருந்தேன். கிணற்றில் பாறைக்கு வேட்டு வைத்தார்கள். கந்தக வாடை வீட்டுக்குள் வந்ததும் டவுசர் போட்ட காலத்துக்கே போய்விட்டேன்.

அப்போதுதான் கண்மாய் உடைந்து எங்கள் ஊர் கீழூர் கரைந்தது. சாத்தூருக்கு மேற்கே, இந்தப் பாறைமேட்டுக்கு ஏறி வந்தோம். பெரியப்பா பழைய ஊரை அப்படியே இங்கே இறக்கினார். அதே தெரு, அதே வீட்டு வரிசை, அதே மாதிரி கோயிலுக்கு வடக்கே கிணறு. மேட்டில் வடக்குப் பக்கம் முழுக்கக் கரும்பாறை.

"தெக்கே மண்ணாத்தான கெடக்கு, அங்கன தோண்டுனா என்னவாம்?" பெரியப்பா காதில் விழட்டும் என்று அம்மா அப்பாவிடம் கேட்டாள்.

"கெணத்த மாத்துனா அது நம்ம ஊராடா?" பெரியப்பாவும் அப்பாவைத்தான் கேட்டார்.

"அப்பக் கீழூர்ப் பழைய கெணத்துலருந்து தண்ணிய அவுகளே செமந்துட்டு வரட்டும்."

அப்பா இரண்டு பேருக்கும் பொதுவாகத் தலையாட்டினார். ஒவ்வொரு வேட்டுக்கும் ஊரே ஓடிப்போய்க் குழிக்குள் எட்டிப் பார்க்கும். காய்ந்த கல்தான் கிடக்கும்.

இன்றைக்கும் பெரியப்பா அதே குழிக்குள் எட்டிப் பார்த்துக்கொண்டு நிற்கிறார். அம்மா குடத்தோடு கீழூருக்குப் போயிருக்கிறாள்.