ஜன்னல் பக்கம் திரும்பிய இயக்குநர்

மத்திகிரியிலிருந்து கிளம்பும் கம்பெனி பஸ்ஸில் அவருக்கு என் பக்கத்து இருக்கை. ஒல்லியான உடம்பு, எண்ணெய்க் கறை போகாத நகங்கள். செல்போனில் ஒரு குறும்படம் எடுத்திருந்தார். ‘அடுத்தவர் சொல்லுக்குத் தலையாட்டாதே, உன் அறிவைக் கொண்டு நீயே யோசி’ என்ற ஐரோப்பிய அறிவொளிக் காலத் தத்துவம்தான் கரு. ஆனால் படத்தில் மனிதர் இல்லை, பேச்சு இல்லை. கறுப்புத் திரையில் இரும்புச் சீவல்கள் மெல்ல மினுங்கும். முடிவில் வெளிச்சம் பரவி எல்லாம் வெள்ளையாகிவிடும்.

யாரிடம் போனைக் கொடுத்தாலும் உடனே ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார். ஏன் என்று கேட்டேன்.

“எங்க லைன்ல செக் பண்றவங்க பீஸப் பாக்காம சூப்பர்வைசர் மூஞ்சியப் பாத்துட்டுத்தான் ஓகேன்னுவாங்க. இங்கயும் என் மூஞ்சியப் பாத்து சூப்பர்னு சொல்லிடறாங்க சார்.”

பார்த்து முடித்ததும் அவர் முதுகிடம் தயங்கித் தயங்கிச் சொன்னேன்: “முடிவு பொய்ங்க. இருட்டு அப்படி மொத்தமாவா போயிடுது?”

சட்டென்று திரும்பினார். முகமெல்லாம் சிரிப்பு.

“நீங்க சொல்றது தப்பு சார். ஆனா நீங்களா சொன்னீங்க பாருங்க!”

இறங்கியதும் டீ வாங்கிக் கொடுத்தார். படத்தின் முடிவை மாற்றவே இல்லை.

இன்றும் யாராவது எதையாவது பார்க்கச் சொல்லிப் போனை நீட்டினால், என் கண் முதலில் நீட்டியவர் முகத்துக்குத்தான் போகிறது. ஜன்னல் பக்கம் திரும்பியிருந்த அந்த முதுகுதான் என்னைத் திரைக்குத் திருப்புகிறது.