கூறுடையாள் சந்நிதியில் ஒரு பாகப்பிரிவினை

பாகப்பிரிவினை வழக்குகளைப் பற்றி எழுதியே என் பத்திரிகை வாழ்க்கையில் பாதி போயிற்று. அப்பனின் காரியம் முடிவதற்குள் வக்கீல் வீட்டு வாசலில் வந்து நிற்கும் அண்ணன் தம்பிகளை நிறையவே பார்த்தாயிற்று. சங்கரன்கோவிலுக்குக் கிழக்கே ஒரு காட்டுக்கோயிலில், வக்கீலும் இல்லாமல் வாய்தாவும் இல்லாமல் ஒரே பகலில் சொத்தைப் பிரித்துவிடுகிறார்கள் என்று கோர்ட் குமாஸ்தா ஒருவர் சொன்னார். பங்குனிச் செவ்வாய்க்கிழமைகளில் மட்டும்தான் நடக்குமாம். மழை பொய்த்து மூன்றாவது வருஷமான இந்தப் பங்குனியில் போய்வந்தேன். போக நினைப்பவர்களுக்காக வழியையும் செலவையும் சேர்த்தே எழுதுகிறேன்.

விருதுநகரில் தென்காசி ரயிலைப் பிடிக்க வேண்டும். ஐம்பது மைல், மூன்றாம் வகுப்பில் ஒரு ரூபாய் ஐந்தணா. திங்கள் பகலில் சங்கரன்கோவில் போய்ச் சேர்ந்து, கோயிலில் சுவாமியையும் அம்பாளையும் தரிசித்துவிட்டுச் சத்திரத்தில் தங்கினேன். ரத வீதியில் சாப்பாடு எட்டணா. அந்த ஊரில் மோருக்கு மட்டும் தண்ணீர்ப் பஞ்சம் இல்லை.

செவ்வாய் காலை ஏழு மணிக்கு மேலநீலிதநல்லூர் பஸ். ஆறாவது மைலில் இறங்க வேண்டும், நாலணா. இடத்தைச் சொன்னதும் கண்டக்டர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

“கூறுடையாள் கோயிலுக்கா? கூடத் தம்பியக் காணோம்?”

எனக்குத் தம்பி இல்லை என்றேன்.

“பின்ன அங்கன என்ன சோலி அண்ணாச்சி? ஒத்த ஆளா என்னத்தப் பிரிக்கப் போறிய, வேட்டியையா?”

பஸ் முழுக்கச் சிரித்தது. நானும் சிரித்தேன்.

இறங்கி இரண்டு மைல் நடை. காட்டில் கரிசல் பாளம் பாளமாக வெடித்துக் கிடந்தது. கோயில் என்று கட்டடம் ஏதும் இல்லை. ஆளுயரக் கல் ஒன்று, உச்சியிலிருந்து அடிவரை பிளந்து, இரண்டு பாதிகளும் ஒன்றின்மேல் ஒன்று சாய்ந்து நிற்கிறது. ஒரு பாதியை எடுத்தால் மற்றது விழுந்துவிடும். பிளவில் குங்குமம் அப்பியிருக்கிறது. அவள்தான் கூறுடையாள். பிரிக்கிறவளும் அவளே, பொறுக்க வைக்கிறவளும் அவளே, சேர்க்கிறவளும் அவளே என்று பூசாரி சொன்னார்.

முறை இதுதான். மூத்தவன் தன் நிலத்து மண்ணை இரண்டு பனையோலைகளில் இரண்டு கூறாக வைப்பான். கிணற்றுக்கு ஒரு சிரட்டைத் தண்ணீர், வீட்டுக்கு ஓர் ஓட்டுத்துண்டு, மாட்டுக்குக் கொஞ்சம் வைக்கோல் என்று எந்தக் கூறில் எது சேர்கிறதோ அதன்மேல் வைப்பான். வைத்தபின் வெற்றிலையை உதட்டில் கவ்விக்கொண்டு உட்கார வேண்டும். கூறு வைத்தவன் எதையும் கூறக்கூடாது. இளையவன் பார்த்து ஒன்றை எடுப்பான். பிறகு இருவரும் ஒரே இலையில் பொங்கல் சாப்பிட வேண்டும். சாப்பிட்டால்தான் பிரிவினை செல்லும். சாப்பிடாவிட்டால் அடுத்த பங்குனி வரை அந்த நிலத்தில் ஏர் பூட்டக்கூடாது, கிணற்றில் இறைக்கக்கூடாது. தனக்கு எது வரும் என்று தெரியாததால் பிரிக்கிறவன் சமமாகத்தான் பிரிப்பான். எனக்குத் தெரிந்த எந்தச் சட்டத்தைவிடவும் நல்ல ஏற்பாடு என்றே அப்போது நினைத்தேன்.

அன்று வந்தவர்கள் சுப்பையாவும் அவர் தம்பி வேலுவும். சுப்பையாவுக்குப் பிள்ளைகள் இல்லை. வேலுவுக்கு மூன்று. மழை இல்லாமல் போன பிறகு வேலு ராஜபாளையத்தில் மில் வேலைக்குப் போய்விட்டார். ஊரில் ஒரு துண்டு காடும் கொஞ்சம் தண்ணீரும் கிடைத்தால் குடும்பத்தோடு திரும்பிவிட வேண்டும் என்பதற்காகத்தான் இந்தப் பிரிவினை.

சுப்பையா மண்ணை வைத்தார். கரிசல், வீடு, கிணறு எல்லாம் ஒரே ஓலையில். மற்றதில் சரளைமேடும் ஒரு சோடி மாடும் மட்டும். கிணற்றைப் பாதியாக்கி முறை வைத்துக்கொள்வதுதான் வழக்கம். சுற்றி நின்றவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

வேலு வெகுநேரம் குனிந்து நின்றார். பிறகு தன் மனைவியிடம் மெதுவாகச் சொன்னது எனக்கும் கேட்டது. “நான் இல்லாதப்பத்தான் கெணத்தத் தோண்டிருக்கான். பாற தட்டிருக்கும். இல்லன்னா எல்லாத்தையும் ஒண்ணாக் கொட்டி வைப்பானா?”

சரளைமேட்டை எடுத்தார்.

சுப்பையாவின் உதட்டிலிருந்து வெற்றிலை விழுந்தது. பொங்கல் இலையைப் போட்டுப் பூசாரி இருமுறை கூப்பிட்டார். சுப்பையா எழுந்து கோயிலுக்குத் தெற்கே இருந்த தன் காட்டைப் பார்க்க நடந்தார்.

நான் பின்னாலேயே போனேன். கிணற்றடியில்தான் நின்றார். எட்டிப் பார்த்தேன். ஓர் ஆள் உயரத்துக்குத் தண்ணீர்.

“புள்ளகுட்டிக்காரன், அவனே எடுத்துக்கிடட்டும்னுதான் அப்படி வச்சேன்” என்றார். “கோட்டிக்காரன்கூட அந்த ஓலையத்தான் எடுப்பான்.”

முன்னாலேயே வீட்டில் வைத்துச் சொல்லியிருக்கலாமே என்றேன்.

“சொல்லிக் குடுத்தா தர்மம் குடுத்த மாதிரில்லா இருக்கும். அவனாப் பொறுக்கி எடுத்தா மானமா இருக்கும்னு நெனச்சேன். அவன் என்னக் களவாணின்னு நெனச்சிட்டான்.”

திரும்பிப் போய்ச் சாப்பிட்டால் தம்பிக்கு மேடாவது மிஞ்சுமே என்று கேட்டேன். அவர் கிணற்றடியை விட்டு நகராததால் நான் மட்டும் திரும்பினேன். கோயிலில் பூசாரி பொங்கலை இலையோடு மண்ணில் புதைத்துக்கொண்டிருந்தார். “அவ சமமா வைக்கவனுக்குத்தான் சாமி” என்றார், தலை நிமிராமல்.

பிற்பகல் மூன்றரைக்குத் திரும்பும் பஸ். ரோட்டில் வேலுவும் மனைவியும் மூன்று பிள்ளைகளும் மூட்டைகளோடு நின்றார்கள். கிணற்றில் தண்ணீர் இருப்பதையும் அண்ணன் சொன்னதையும் சொன்னேன்.

“நீங்க சொல்லித்தான் தெரியணுமா? வெத்தல விழும்போதே அவன் மூஞ்சியப் பாத்தேன்” என்றார் வேலு. “தெரிஞ்ச பொறவு அந்த இலையில எப்படிக் கை வைக்க? அவன் வராததும் நல்லதாப் போச்சு.”

கடைசிப் பிள்ளை தண்ணீர் கேட்டது. பஸ்ஸில் குடிக்கலாம் என்றாள் தாய். பஸ்ஸில் ஏது தண்ணீர்.

கோர்ட்டில் நான் பார்த்த வழக்குகளில் ஏமாற்றியவன் ஒருவன் இருப்பான், ஏமாந்தவன் ஒருவன் இருப்பான். யார் எவர் என்று பிரித்து எழுதிவிட்டு நான் வீட்டுக்குப் போய்விடுவேன். இங்கே அப்படிப் பிரித்து எழுத எனக்குத் தெரியவில்லை. அப்பீலுக்கும் இடம் இல்லை.

போகிறவர்கள் காலை பஸ்ஸிலேயே போய்விடுங்கள், வெயில் தாங்காது. பகலில் சாப்பிடக் கடை கிடையாது. தண்ணீர் கையோடு கொண்டுபோங்கள். கோயிலுக்குத் தெற்கே உள்ள கிணற்றில் தண்ணீர் இருக்கிறது. அடுத்த பங்குனி வரை அதில் யாரும் இறைக்கமாட்டார்கள்.