நீலப் புள்ளி ஈரோட்டில் நிற்கிறது

மைசூரில் எங்கள் வீட்டுக்குள் நுழைந்ததும் ஃபோன் ஈரோட்டுக்குப் போய்விடும். விளையாட்டுக்குச் சொல்லவில்லை. காலையில் அப்பா பால் வாங்கிவரப் போவார். தெருவில் நடக்கும்வரை மேப்பில் நீலப் புள்ளி ஒழுங்காக அவர்கூடவே நடக்கும். திரும்பி வந்து, செருப்பைக் கழற்றி, கூடத்தில் கால் வைத்துச் சற்று நேரத்தில் அது ஒரே துள்ளாகத் துள்ளி, சத்தியமங்கலம் காட்டைத் தாண்டி, ஈரோட்டில் நாங்கள் பூட்டிவிட்டு வந்த வீட்டின் மேல் போய் உட்கார்ந்துகொள்ளும். வெளியே சாமுண்டி மலையே தெரியாதபடி தூறிக்கொண்டிருக்கும். ஃபோனோ 'வெயில் கடுமையாக இருக்கும், தண்ணீர் நிறையக் குடியுங்கள்' என்று புத்தி சொல்லும். அப்பாவுக்கு அதில் அப்படியொரு திருப்தி. "பாத்தியா கண்ணு, நாம எந்த ஊருன்னு ஃபோனுக்கே தெரிஞ்சிருக்குது," என்பார்.

என்னால் இதை அப்படி விட முடியவில்லை. சாஃப்ட்வேரில் பிழை தேடிப் பிடிப்பதுதான் என் பிழைப்பு. ஊர்விட்டு வந்த நம்மாட்கள் மத்தியில் நான் ஒரு ஃபோன் வைத்தியச்சி வேறு. நஞ்சன்கூடு ஃபேக்டரிக்கு பைக்கில் போகிறவருடைய மேப் பாதி வழியில் உறைந்துபோனால் எனக்குத்தான் அழைப்பு வரும். பேட்டரி சேமிப்பை அணையுங்கள், காந்தம் வைத்த உறையைக் கழற்றுங்கள், 'துல்லியமான இருப்பிடம்' என்ற அனுமதி இருக்கிறதா பாருங்கள், ஃபோனைக் கையில் பிடித்துக் காற்றில் எட்டு போடுங்கள் என்று வரிசையாகச் சொல்வேன். பெரும்பாலும் சரியாகிவிடும். அப்பாவின் ஃபோனுக்கும் அத்தனையும் செய்தேன். மேப்பை அழித்துவிட்டுப் புதிதாகக்கூட ஏற்றிப் பார்த்தேன். வாசலில் நின்றால் மைசூர், கூடத்துக்கு வந்தால் ஈரோடு. என் ஃபோனை எடுத்துப் பார்த்தால் அதுவும் ஈரோட்டில்தான் இருந்தது. அன்றுதான் எனக்கு லேசாக உறைத்தது: கோளாறு ஃபோனில் இல்லை, வீட்டில்.

கூடத்து மூலையில் பச்சை விளக்கு மினுக்கிக்கொண்டிருந்த ரௌட்டர்தான் காரணம். கான்கிரீட் கூரைக்குக் கீழே ஃபோனுக்குச் செயற்கைக்கோள் சரியாகத் தெரியாது. அப்போது அது அக்கம்பக்கத்தில் என்னென்ன வைஃபை இருக்கிறது என்று மோப்பம் பிடிக்கும். எந்த ரௌட்டர் எந்தத் தெருவில் இருக்கிறது என்று எங்கேயோ ஒரு நினைவு சேர்த்துவைக்கப்பட்டிருக்கிறது. அதைக் கேட்டு நாம் இருக்கும் இடத்தைச் சொல்லும். எங்கள் ரௌட்டர் ஏழெட்டு வருடம் ஈரோட்டு வீட்டில் இருந்தது. அம்மா போன பிறகு அப்பாவைத் தனியே விட மனமில்லாமல் நான் இங்கே அழைத்துவந்தபோது, சாமான் கட்டுகிறவர்களை நிறுத்தி, சுவரிலிருந்து அதை அவரே திருகிக் கழற்றி, அம்மாவின் பழைய சேலையில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டார். "இங்க புதுசு குடுப்பாங்கப்பா," என்றேன். "நல்லா ஓடிட்டிருக்கறத எதுக்கு அம்மிணி உட்டுட்டுப் போகோணும்?" என்றார். திம்பம் மலைப்பாதையின் கொண்டை ஊசி வளைவுகள் முழுக்க அது அவர் மடியிலேயே வந்தது. இடம் மாறினால் அந்த நினைவு தானாகவே திருந்திவிடும் என்கிறார்கள். எங்களுடையது திருந்தவில்லை. புது லேஅவுட்டின் கடைசி வீடு, சுற்றிலும் காலி மனைகள், ஒட்டியிருக்கும் ஒரே வீட்டில் வைஃபை கிடையாது. திருத்திச் சொல்ல அக்கம்பக்கத்தில் ஆளில்லை.

மாற்றிவிடுகிறேன் என்றதற்கு அப்பா சம்மதிக்கவில்லை. "அது பாட்டுக்கு இருந்துட்டுப் போகட்டும். யாருக்கு என்ன நட்டம்?" நானும் விட்டுவிட்டேன். ஆனால் ஒருநாள் அவர் ஃபோனில் அந்த மாதத்துப் பயண வரைபடத்தைத் திறந்து பார்த்தேன். தினம் தினம் மைசூருக்கும் ஈரோட்டுக்கும் இடையே ஒரு நேர்கோடு. சாலை வழியாக அல்ல; மலையையும் காட்டையும் வெட்டிக்கொண்டு, யானை மட்டுமே போகக்கூடிய இடங்களின் மேலாக. கோட்டின் மேல் கோடு விழுந்து கறுத்துப் போயிருந்தது. இங்கே படுக்கையில் கிடந்த மனிதர் இரவெல்லாம் ஈரோட்டில் இருந்ததாகவும், காலையில் பாலுக்காக மட்டும் மைசூருக்கு வந்து போனதாகவும் எழுதியிருந்தது. பக்கத்து அறையில் அவர் மூச்சு விசில் போல இழுத்துக்கொண்டிருந்தது. முப்பது வருடம் நூல் மில்லில் பஞ்சைச் சுவாசித்த நெஞ்சு. ஈரோட்டு வெயிலில் அடங்கிக் கிடந்த இளைப்பு மைசூர்க் குளிரில் மெல்ல விழித்துக்கொண்டிருந்தது.

ஒட்டிய வீட்டில் நாகரத்னம்மா இருந்தார். இரண்டு வீட்டுக்கும் நடுவே ஒரே சுவர். சாயங்காலமானால் அவர் கேட்டருகே வந்து எங்கள் ஜன்னலையே பார்த்துக்கொண்டு நிற்பார். அப்பாவுக்கு அது பிடிக்காது. "அந்தம்மா எதுக்கு நம்மளையே பாத்துட்டு நிக்குது? தமிழ்க்காரங்க என்ன பண்றாங்கன்னு வேவு பாக்குதா?" ஒருமுறை அவர் என்னை நிறுத்தி, "அப்பாவ்ரு ஹேகித்தாரே?" என்று கேட்டார். அப்பா எப்படியிருக்கிறார் என்று கேட்கிறார், அவ்வளவுதான். 'சென்னாகித்தாரே' என்று சிரித்துச் சொல்லிவிட்டு வேகமாக உள்ளே வந்துவிட்டேன். நல்லாயிருக்கிறார் என்பதற்கு மேல் போக என் கன்னடத்துக்குத் தெம்பில்லை. இங்கே எல்லாவற்றுக்கும் ஃபோன் இருந்தது. ஃபோனிடம் பேசினால் யாரிடமும் பேச வேண்டியதில்லை.

முகவரி சொல்வதிலேயே இரண்டு ஊருக்கும் பெரிய வித்தியாசம். மைசூர்க்காரர்கள் எண்ணால் சொல்வார்கள்: மூன்றாவது மெயின், எட்டாவது கிராஸ், இரண்டாவது ஸ்டேஜ். நம் ஊரில் யார் எண் கேட்டார்கள்? கோயில் தாண்டி, டேங்க் தாண்டி, அந்தச் சந்து. வந்த புதிதில் இந்த எண்களை நான் மனப்பாடம் செய்துதான் வைத்திருந்தேன். கன்னடத்தில் எனக்குத் தடுக்காமல் வரும் ஒரே வாக்கியம் எங்கள் முகவரிதான்.

அந்த மழை நாள் மதியம் அப்பாவுக்கு மூச்சு இழுக்கத் தொடங்கியது. நான் வீட்டிலிருந்தே வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். மருந்து பம்ப்பை அடித்தும் அடங்கவில்லை. கட்டில் விளிம்பில் இரண்டு கையையும் ஊன்றி, தோள் ஏறி இறங்க உட்கார்ந்திருந்தார். "ஆம்புலன்ஸ் கூப்படறனுங்கப்பா," என்றேன். "வேண்டாஞ் சாமி. ஊளையிட்டுட்டு வரும். நாலு பேரு வேடிக்கை பாப்பாங்க. ஒரு ஆட்டோ கூப்புடு போதும்." பதறிக்கொண்டு ஆப்பைத் திறந்தேன். ஏற வேண்டிய இடம் என்ற கட்டத்தில் 'வீடு' என்று தானாகவே வந்தது. மருத்துவமனை என்று அடித்து, முதலில் வந்ததைத் தொட்டேன். முதலில் வருவதுதானே பக்கத்தில் இருப்பது. உடனே ஆட்டோ கிடைத்தது. நம்பவே முடியவில்லை; எங்கள் லேஅவுட்டுக்கு அவ்வளவு சீக்கிரம் யாரும் வருவதில்லை.

டிரைவர் அழைத்தார். "ஏனுங்க, ஆட்டோ போட்டிருந்தீங்களா? எங்கீங்க வரோணும்?"

கொங்குத் தமிழ்! அந்த நிமிடத்தில் எனக்கு வந்த நிம்மதியை எப்படிச் சொல்ல. "அண்ணா, நீங்க தமிழுங்களா!"

"பின்னே இங்கிலீசுலயா பேசுவாங்க?" என்று சிரித்தார். நானும் சிரித்தேன். அப்பாகூடக் கட்டிலிலிருந்து தலையை நிமிர்த்திப் பார்த்தார்.

"மாரியம்மன் கோயில் தாண்டுனா தண்ணி டேங்க் வருமுங்க. அங்கிருந்து ரேஷன் கடைச் சந்துல திரும்புனா கடைசி வீடு. அப்பாவுக்கு மூச்சுத் திணறுதுங்கண்ணா, சீக்கிரம் வாங்க."

"டேங்குகிட்டதான் இருக்கறனுங்க. பயப்படாதீங்க, இந்தா வந்தர்றேன்."

கன்னடம் பேசுகிற டிரைவர்களிடம் 'மூரனே மெயின், எண்டனே கிராஸ்' என்று எண்ணைத்தான் சொல்வேன். இவரிடமும் அதையே சொல்லியிருந்தால், அப்படியொரு இடமே இங்கே இல்லையே என்று அப்போதே சொல்லியிருப்பார். தமிழைக் கேட்டதும் என் வாய் ஊர் வழக்கத்துக்குத் திரும்பிவிட்டது. மாரியம்மன் கோயிலும் தண்ணி டேங்க்கும் ரேஷன் கடையும் எந்த ஊரில் இல்லை? இங்கே இருக்கின்றன. அங்கேயும், அதே வரிசையில், எங்கள் பழைய வீட்டுக்குப் போகும் வழியில் இருக்கின்றன. எப்போதும் ஏறும் இடத்தைக் கையால் மாற்றுகிறவள், அன்று பதற்றத்தில் 'வீடு' என்று வந்ததை அப்படியே விட்டிருந்தேன்.

அப்பாவுக்குச் சட்டையை மாட்டிவிட்டு, குடையை எடுத்து வைத்தேன். மேப்பில் ஆட்டோ வந்துகொண்டிருந்தது. அதன் சின்னப் படம் ஒவ்வொரு திருப்பமாகத் திரும்பி நெருங்கியது. அதையே பார்த்துக்கொண்டிருந்தேனே தவிர, அது எந்த ஊர்த் தெரு என்று பார்க்கவில்லை. அப்பாவின் உதடு நீலம் பாரித்திருந்தது. மறுபடி அழைப்பு வந்தது. ஸ்பீக்கரில் போட்டுவிட்டு வாசலுக்கு ஓடினேன்.

"வந்துட்டனுங்க. வாசல்லதான் நிக்கறேன்."

தெருவில் மழையைத் தவிர எதுவும் இல்லை. "எங்கண்ணா? காணோமே?"

"வீட்டு முன்னாடியேதானுங்க. நீலக் கேட்டு. முருங்கை மரம் ஒண்ணு காம்பவுண்டுக்கு வெளிய சாஞ்சிருக்குது பாருங்க."

இங்கே எங்கள் கேட் கறுப்பு. மரமே கிடையாது.

"கேட்டு பூட்டியிருக்குதுங்களே. வாசலெல்லாஞ் சருகாக் கெடக்குது. உள்ள ஆளு இருக்கற மாதிரியே தெரியிலீங்க."

உள்ளே திரும்பினேன். அப்பா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். எனக்கு முன்னால் அவருக்குப் புரிந்துவிட்டது. மூச்சுக்கு நடுவே, ஒவ்வொரு சொல்லாக இழுத்து, ஃபோனைப் பார்த்துப் பேசினார்.

"தம்பி... அந்தப் பூட்ட... இழுத்துப் பாரு... கெட்டியா இருக்குதா?"

ஃபோனுக்குள் இரும்பு இரும்பில் இடித்தது. எங்கள் கேட்டின் சத்தம். எனக்கு அது நன்றாகத் தெரியும். "இருக்குதுங்கய்யா. நல்லாத்தான் இருக்குது."

அப்பா கண்ணை மூடிக்கொண்டார். முகம் தளர்ந்தது, வெகு தூரம் போய் இறங்கியவர் போல. என்னை உலுக்கிப்போட்டது அந்த முகம்தான். மூச்சுத் திணறலைவிட அதற்குத்தான் அதிகம் பயந்தேன்.

"அப்ப நீங்க எங்கதானுங்க இருக்கறீங்க?" என்று டிரைவர் கேட்டார். நான் "அப்பா! அப்பா!" என்று கத்தியது சுவரைத் தாண்டியிருக்க வேண்டும். நான் வாசலுக்கு வருவதற்குள் நாகரத்னம்மா மழையில் நனைந்துகொண்டு தெருமுனைக்கு ஓடிக்கொண்டிருந்தார். காய்கறி மூட்டையோடு வந்த லக்கேஜ் ஆட்டோவின் குறுக்கே இரண்டு கையையும் விரித்து நின்றார். "நில்சப்பா! நில்சு!" மூட்டைகள் ரோட்டோரம் இறங்கின. அவரும் ஆட்டோக்காரரும் அப்பாவின் தோளைப் பிடிக்க, நான் காலைப் பிடித்தேன். கொத்தமல்லி வாசனை மண்டிய அந்த வண்டியில் அப்பாவின் தலையைத் தன் மடியில் வைத்துக்கொண்டு, தெரிந்த தமிழில் நாகரத்னம்மா என்னைத் திட்டினார்: "சுவத்துல கேக்குது மூச்சு. தினா கேக்குது. அதுக்குத்தானே ஜன்னல் பாக்கறேன்? நீ சென்னாகித்தாரே, சென்னாகித்தாரேன்னு ஓடறே!"

அப்பா பிழைத்தார். பல நாள் ஆக்ஸிஜனில் இருந்து வீட்டுக்கு வந்தார். அடுத்த முறை எப்போது வேண்டுமானாலும் வரலாம், வந்தால் நேரம் இருக்காது என்று டாக்டர் என்னைத் தனியே அழைத்துச் சொன்னார். நாகரத்னம்மா அப்பாவின் கட்டிலை நடுச்சுவரை ஒட்டிப் போடச் சொல்லி, முடியாவிட்டால் சுவரைத் தட்டும்படி சைகை காட்டிவிட்டுப் போனார். நான் பழைய ரௌட்டரைக் கழற்றிப் பரண் மேல் போட்டேன், புதியது வாங்கினேன். ஊர் மாறி வந்தவர்கள் இதைப் படித்தால் ஒரு காரியம் செய்யுங்கள்: உங்கள் ஆப்பில் 'வீடு' என்று எந்த முகவரி இருக்கிறது என்று இன்றைக்கே திறந்து பாருங்கள். வைஃபை தேடுதலை அணைத்துப் பாருங்கள். நான் என் ஃபோனில் இரண்டையும் செய்துவிட்டேன். 'வீடு' இப்போது எட்டாவது கிராஸ். மாற்றட்டுமா என்று அது கேட்டபோது ஆம் என்று தொட எனக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது.

புள்ளி கூடத்திலேயே நின்றது. அப்பாதான் பேச்சைக் குறைத்துக்கொண்டார். "ஃபோனு இப்ப எங்கீன்னு சொல்லுது?" என்று ஒருமுறை கேட்டார். "மைசூருங்கப்பா." சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். அதற்குப் பிறகு கேட்கவில்லை.

நேற்று சாயங்காலம் ஆபீஸிலிருந்து வந்தபோது அவர் தூங்கிக்கொண்டிருந்தார். கட்டிலுக்கடியில் ஒரு பச்சை வெளிச்சம் மினுக்கியது. குனிந்து பார்த்தேன். அம்மாவின் சேலைத் துணி மேல் பழைய ரௌட்டர். எப்படித்தான் அந்த மூச்சோடு பரண் ஏறினாரோ. இணைய வயர் கிடையாது, கரண்ட் மட்டும். யாரையும் எங்கேயும் இணைக்காமல், தன் பெயரை மட்டும் அறைக்குள் சொல்லிக்கொண்டிருந்தது. ஃபோனுக்கு அது போதும்.

பிடுங்கக் கையை நீட்டியவள் அப்படியே கட்டில் விளிம்பில் உட்கார்ந்துவிட்டேன். அந்த நாளுக்குப் பிறகு எங்கள் இரண்டு ஃபோனிலும் ஒருவர் இருப்பிடம் மற்றவருக்குத் தெரியும்படி வைத்திருக்கிறேன். தூக்கத்தில் அவர் கை என் கைமேல் விழுந்திருந்தது. என் புள்ளி மைசூரில், அவர் புள்ளி ஈரோட்டில். அவர் பெயரைத் தொட்டேன். அப்பாவிடம் போய்ச் சேர ஐந்து மணி நேரத்துக்கு மேல் ஆகும் என்று ஒரு பாதை விரிந்து, காட்டின் விளிம்பு வரை நீலமாகப் போய், அங்கே சிவந்தது. காட்டு விலங்குகளுக்காகப் பொழுது சாய்ந்தால் அந்த மலைப்பாதையை அடைத்துவிடுவார்கள். 'சாலை மூடப்பட்டுள்ளது' என்றது ஃபோன். பக்கத்தில் அவர் மூச்சு விசிலடிக்கத் தொடங்கியிருந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் நாகரத்னம்மாவின் பாத்திரச் சத்தம் சட்டென்று நின்றது.