சர்க்கரை போடாத மாம்பழ பப்ஸ்

ஒரு சிட்டிகை சர்க்கரைகூடப் போடாமல் தித்திக்கத் தித்திக்கப் பழ பப்ஸ் சுடுவேன் என்று எங்கள் ஊர் மேனாம்பேடு முழுக்க நான் தண்டோரா போட்ட காலம் ஒன்று உண்டு. உலகச் சண்டை நடந்த காலம் அது. ஆவடிப் பக்கம் பட்டாளத்து லாரிகள் இரைந்துகொண்டே போகும். சர்க்கரை ரேஷன் கார்டுக்குத்தான் கிடைக்கும். ஊரே சர்க்கரை இல்லையே என்று புலம்பிக்கொண்டிருக்க, நான் வீட்டில் இருந்ததையும் வழித்தெடுத்து அக்கம்பக்கத்தில் கொடுத்துவிட்டு, டப்பாவைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு நிமிர்ந்து நின்றேன். அந்தத் திமிரை இன்று நினைத்தாலும் என்னையே அறைந்துகொள்ளத் தோன்றுகிறது.

என் கணவர் பூந்தமல்லியில் ஒரு ரொட்டிக் கிடங்கில் வேலை பார்த்தவர். எங்கள் இரண்டு வீட்டிலும் எல்லோரும் ஏர் பிடித்தவர்கள். இவர் ஒருவர்தான் மாவு பிசையப் போனார். மைதா மாவைத் தேய்த்து, வெண்ணெய் தடவி, மடித்து, மறுபடி தேய்த்து, மறுபடி மடித்து அவர் சுட்டெடுக்கும் பப்ஸ் ஏடு ஏடாகப் பிரியும். துரைசானிகள் ஆள் விட்டு வாங்கிப் போவார்கள். உள்ளே வைக்கிற ஜாம் பதமாக இருக்கிறதா என்று பார்க்கிற சாக்கில் நாளெல்லாம் நக்கிக்கொண்டே இருப்பார். எங்கள் கொல்லையிலும் சின்னதாக ஒரு ரொட்டி அடுப்பு கட்டியிருந்தார். கொதிக்கிற தட்டைத் துணி பிடிக்காமல் வெறும் கையால் வெளியே இழுப்பார். நான் கத்துவேன். சூடே தெரியவில்லை என்பார். நெருப்போடு பழகின கை, அப்படித்தான் இருக்கும் போல என்று விட்டுவிட்டேன். எனக்கு எங்கே தெரியும்?

பிறகு ஒரு குடம் தண்ணீர் குடித்தாலும் தாகம் அடங்காத நாட்கள் வந்தன. ஆள் பாதியாக இளைத்தார். கொல்லையில் அவர் ஒதுங்கின இடத்தில் எறும்பு மொய்ப்பதைப் பார்த்துப் பட்டணத்து டாக்டரிடம் இழுத்துக்கொண்டு ஓடினேன். சர்க்கரை வியாதி என்றார். சர்க்கரை, வெல்லம், தேன் எதையும் தொடக் கூடாது, சோற்றைக் குறைக்க வேண்டும், ஊசி மருந்து இந்தச் சண்டையில் கிடைப்பது கஷ்டம், வாயைக் கட்டினால்தான் உயிர் என்றார். உடம்பில் புண் மட்டும் வரவிடாதே, வந்தால் ஆறாது, அழுகும், வெட்டித்தான் எடுக்க வேண்டும் என்றும் சொன்னார். வெட்டி என்ற சொல் என் காதிலேயே தங்கிவிட்டது. வீடு வந்ததும் முதல் வேலையாக வாசலிலிருந்து கொல்லை வரை முள்ளும் கல்லும் பொறுக்கினேன். செருப்பில்லாமல் கிணற்றடிக்குக் கூடப் போகவிடவில்லை.

பழத்தைப் பற்றி அந்த டாக்டர் ஏதாவது சொன்னாரா என்பது எனக்கு நினைவில்லை. நான் கேட்கவில்லை. கேட்கத் தோன்றுமா? நோயாளியைப் பார்க்கப் போகிறவர்கள் பழம்தானே வாங்கிக்கொண்டு போவார்கள்?

அந்த டாக்டரிடம் வேலை பார்த்த கம்பவுண்டர் அம்பத்தூரில்தான் குடியிருந்தான். என்னை அக்கா என்று கூப்பிடுவான். ஒரு கண்ணாடிக் குழாயும் ஒரு புட்டி நீல மருந்தும் கொடுத்து, வீட்டிலேயே சோதிக்கக் கற்றுக்கொடுத்தவன் அவன்தான். நீல மருந்தில் எட்டுச் சொட்டு சிறுநீர் விட்டு ஸ்பிரிட் விளக்கில் காய்ச்ச வேண்டும். நீலமாகவே இருந்தால் நல்லது. பச்சை என்றால் கொஞ்சம் சர்க்கரை. மஞ்சள் என்றால் அதிகம். செங்கல் நிறம் வந்தால் ஆபத்து. முதல் மாதம் செங்கல் மஞ்சளாகி, மஞ்சள் பச்சையாகி வந்தது. நானே வைத்தியம் செய்துவிட்ட மாதிரி குழாயைத் தூக்கிக்கொண்டு தெருவில் காட்டினேன்.

ஆனால் அவர் முகம் செத்துப்போயிற்று. கேழ்வரகுக் களியும் கீரையும் வைத்தால் மருந்து மாதிரி விழுங்குவார். ஒருநாள் மத்தியானம், காலி ஜாம் தகரத்தைத் திறந்து வைத்துக்கொண்டு மோந்து பார்த்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் சட்டென்று மூடினார். எனக்குத் தாங்கவில்லை. கல்யாணமாகிப் பதினோரு வருஷம், பிள்ளை இல்லை, அவருக்கு நான், எனக்கு அவர். இந்த மனுஷனுக்கு ஒரு தித்திப்பு கொடுக்க எனக்கு வக்கில்லையா என்று ரோஷம் வந்துவிட்டது.

அவர் சுடுவதைப் பார்த்துப் பார்த்து எனக்கும் கை பழகியிருந்தது. பாரிவாக்கத்தில் என் அண்ணன் தோப்பிலிருந்து கூடை கூடையாக மாம்பழம் வந்தது. தோலுரித்துப் பிசைந்து, அடி கனத்த பாத்திரத்தில் போட்டு, தண்ணீர் சுண்டச் சுண்டக் கிளறினேன். ஒரு கூடைப் பழம் ஒரு கிண்ணமாக இறுகியது. புளிப்புத் தெரியாமல் இருக்கக் கிஸ்மிஸ் பழத்தை அரைத்துச் சேர்த்தேன். அதை மாவில் வைத்து மடித்து அடுப்பில் விட்டேன். சர்க்கரை? மூச்! அவர் ஒன்றைக் கடித்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார். கண் கலங்கிவிட்டது அவருக்கு. கம்பவுண்டர் வரும்போதெல்லாம் இரண்டு தின்றுவிட்டு, சர்க்கரையே போடாமல் எப்படி அக்கா என்று வாயைப் பிளப்பான். நாளுக்கு நான்கு என்று கணவருக்குக் கொடுத்தேன்.

ஒரு வாரத்தில் குழாய் செங்கல் நிறத்துக்குப் போயிற்று.

குழாயைக் கழுவி மறுபடியும் காய்ச்சினேன், அதே செங்கல். மறுநாளும் செங்கல். அதற்கு மறுநாளும். எனக்கு வேறு எதுவும் தோன்றவில்லை, மனுஷன் திருடித் தின்கிறார் என்பதைத் தவிர. அவர் பெட்டியைக் கொட்டிக் கவிழ்த்தேன். சட்டைப் பையை மோந்து பார்த்தேன். கிடங்குக்கே போய், அவருடன் வேலை செய்கிறவர்கள் முன்னால், ஜாம் நக்குகிறாரா என்று கேட்டேன். அவர்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள். அவரும் குனிந்துகொண்டார். வீடு வந்தபிறகு மெதுவாகச் சொன்னார்.

"சத்தியமா நான் ஒண்ணும் துன்னலமே. நீ குடுக்கறத்த தவுர வாயில ஒண்ணும் வெக்கல."

நீ கொடுப்பதைத் தவிர என்றாரே, அந்த வார்த்தை என் மரமண்டையில் ஏறியதா? ஏறவில்லை. அப்படியானால் அம்மன் எதிரில் கற்பூரம் அடித்துச் சத்தியம் பண்ணு என்றேன். எங்கள் ஊரில் அதற்கு மேல் பேச்சு கிடையாது. எரிகிற கற்பூரத்தை உள்ளங்கையால் அடித்து அணைத்துவிட்டுச் சொன்னால் அது மெய். பொய் சொல்கிறவனுக்கு அந்தத் தைரியம் வராது. கிணற்றுத் தகராறுக்கும் வேலித் தகராறுக்கும் செய்கிறதை, பதினோரு வருஷம் என்னோடு வாழ்ந்த மனுஷனிடம் கேட்டேன், பாவி.

அவர் உடனே எழுந்தார். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எனக்கு முன்னால் கோயிலுக்கு நடந்தார். பூசாரி கல்லின் மேல் கற்பூரத்தைப் பெரிய கட்டியாக வைத்து ஏற்றினார். என் கணவர் வலது உள்ளங்கையை அதன் மேல் வைத்தார். எல்லோரும் பட்டென்று அடித்துக் கையை எடுத்துவிடுவார்கள். இவர் எடுக்கவில்லை. அப்படியே அழுத்திக்கொண்டு, என் முகத்தைப் பார்த்துக்கொண்டு, வார்த்தை வார்த்தையாகச் சொல்லி முடித்தார். முகத்தில் ஒரு சுளிப்பு இல்லை. என்னவோ பொசுங்குகிற நாற்றம் வந்தது. பூசாரிதான் பதறிப்போய் மணிக்கட்டைப் பிடித்துத் தூக்கினார். என் மேல் உள்ள கோபத்தில்தான் அப்படி வீம்பு காட்டுகிறார் என்று நினைத்தேன். கையைத் துண்டில் சுற்றிக்கொண்டு, ஒன்றும் இல்லை, வலிக்கவே இல்லை என்றார்.

எனக்கு மனசு கரைந்துவிட்டது. பிராயச்சித்தம் மாதிரி அன்று சாயங்காலம் ஆறு பப்ஸ் சுட்டுக் கொடுத்தேன்.

மறுநாள் காலையில் குழாய் முன்னைவிடக் கருஞ்சிவப்பாக இருந்தது. அம்மாடி! அம்மனிடமே பொய் சொல்லிவிட்டாரா? மூன்று நாள் அவரோடு பேசவில்லை. தட்டை வைத்துவிட்டு, முகத்தைப் பார்க்காமல் எழுந்து போய்விடுவேன். துண்டு சுற்றின கையை அவர் என் கண்ணில் காட்டவில்லை, நானும் தேடவில்லை. ஆனால் பப்ஸை மட்டும் நிறுத்தவில்லை. வேறு எதையும் திருடாமல் இதையாவது தின்னட்டும் என்று வைத்தேன்.

நான்காம் நாள் காலையில் ஒரு பப்ஸை இலையில் மடித்துக்கொண்டு கம்பவுண்டர் வீட்டுக்குப் போனேன். என் புருஷன் வாயில் போவது களி, கீரை, இது, இவ்வளவுதான், ஒன்று உன் மருந்து கெட்டுப்போயிருக்க வேண்டும், இல்லை அவர் திருடர், இரண்டில் எது என்று இப்போதே சொல் என்றேன். மருந்தைப் பரீட்சை பார்க்க அவன் வீட்டுச் சர்க்கரையையே ஒரு சிட்டிகை தண்ணீரில் கரைத்து, எட்டுச் சொட்டு விட்டுக் காய்ச்சச் சொன்னேன். காய்ச்சினான். நீலமாகவே இருந்தது. சர்க்கரையையே காட்டத் தெரியாத மருந்து! எனக்கு வந்த சந்தோஷத்தில் அவனை வாய்க்கு வந்தபடி திட்டினேன். உன் கெட்டுப்போன தண்ணீரை நம்பி ஒரு உத்தமனைத் திருடன் என்று சொல்லிவிட்டேனே என்று அழுதேன், சிரித்தேன்.

அவன் குழம்பிப்போய் நின்றான். பிறகு, வெள்ளைச் சர்க்கரை அப்படியே இருந்தால் இந்த மருந்துக்குப் பிடிபடாது, வயிற்றில் செரித்து வந்தால்தான் பிடிபடும் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார் அக்கா என்றான். சொல்லிக்கொண்டே அவன் பார்வை இலையின் மேல் போயிற்று. பப்ஸைப் பிட்டு, உள்ளே இருந்த மாம்பழத்தைச் சுண்டைக்காய் அளவு எடுத்துத் தண்ணீரில் கரைத்தான். வேறு குழாய் எடுத்தான். எட்டுச் சொட்டு விட்டான். விளக்கில் காட்டினான்.

பச்சை வந்தது. மூச்சு விடுவதற்குள் மஞ்சள் வந்தது. பிறகு செங்கல். எங்கள் வீட்டுக் குழாயில் நான் பார்த்த அதே செங்கல்.

"அக்கா, பழத்துலயே சக்கர கீது. நீ வேற ஒரு கூடய ஒரு கிண்ணமா சுண்ட வெச்சிக்கீற."

மிச்ச பப்ஸை இலையோடு தள்ளி வைத்தான். அவனும் தின்று பாராட்டினவன்தானே. நான் அந்தக் குழாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் திருடவில்லை. நான்தான் என் கையாலேயே, நாளுக்கு நான்கு, கற்பூரம் அடித்த அன்று ஆறு.

ஓட்டமும் நடையுமாக வீட்டுக்கு வந்தோம். அவர் கட்டிலில் காய்ச்சலோடு கிடந்தார். கையைக் காட்டு என்றேன். மாட்டேன் என்றார். நானே துண்டைப் பிரித்தேன். உள்ளங்கையில் தோல் இல்லை. நடுவில் வெள்ளையாகவும் ஓரத்தில் கறுப்பாகவும் இருந்தது. இரண்டு விரல் நீலம் பாய்ந்திருந்தது. நாற்றத்தில் கம்பவுண்டர் முகத்தைத் திருப்பிக்கொண்டான். நான் தொட்டேன். அவருக்குத் தொட்டதே தெரியவில்லை. வியாதி முற்றினால் கைகால் மரத்துவிடும், சூடு உறைக்காது என்று கம்பவுண்டர் சொன்னான். கொதிக்கிற தட்டை வெறும் கையால் இழுத்ததும், கற்பூரத்தின் மேல் கையை எடுக்காமல் வைத்திருந்ததும் அப்போதுதான் எனக்குப் புரிந்தன. வாசலில் முள் பொறுக்கின நான், நெருப்பில் கையை வைக்கச் சொல்லியிருக்கிறேன்.

பட்டணத்துப் பெரிய ஆஸ்பத்திரியில் சுண்டுவிரலையும் அதற்கு அடுத்ததையும் எடுத்தார்கள். அந்தக் கையால் இனி அவர் மாவு மடிக்க முடியாது.

மூன்றாம் நாள் அங்கிருந்த டாக்டர் கட்டிலருகில் நின்று என்னைப் பிடித்துக்கொண்டார். வெறும் பழத்தில் இவ்வளவு ஏறியிருக்காது, ருசிக்காக இரண்டு கரண்டி சர்க்கரை போட்டிருப்பாய், பெண்கள் எல்லோரும் இப்படித்தான் மறைப்பீர்கள், உண்மையைச் சொல் என்று அதட்டினார். என்ன சொன்னாலும் யார் நம்புவார்கள்? திருடவில்லை என்று சொன்ன மனுஷனை நான் நம்பினேனா?

கண்ணை மூடிக் கிடந்த அவர், கட்டுப் போட்ட கையைத் தலையணையிலிருந்து கொஞ்சம் தூக்கினார்.

"இல்லீங்க ஐயா. அவ போடலேன்னு சொன்னா போடல."

அவ்வளவுதான் சொன்னார். என்னிடம் அவர் கற்பூரம் கேட்கவில்லை.