மாஜிஸ்ட்ரேட் வீட்டுக்குப் பக்கத்து வீடு

என் கணவர் கள்ளக்குறிச்சியில் மாஜிஸ்ட்ரேட்டாக இருந்தபோது எங்கள் வீட்டில் ஒரு சட்டம் இருந்தது. யார் வீட்டிலும் சாப்பிடக் கூடாது, யார் எதைக் கொடுத்தாலும் வாங்கக் கூடாது. கல்வராயன் மலையிலிருந்து கோர்ட்டு வாய்தாவுக்கு இறங்கி வருகிறவர்கள் சில சமயம் வாசலில் தேன் பாட்டிலை வைத்துவிட்டுப் போய்விடுவார்கள். அதைத் திருப்பிக் கொடுக்க நான் தெருவில் ஓட வேண்டும். வேலை அவருக்கு, தண்டனை எனக்கா என்று சண்டை போடுவேன். "போஸ்டிங் உனக்கும் சேர்த்துத்தான்" என்று சொல்லிவிட்டுப் பேப்பரில் முகத்தை மறைத்துக்கொள்வார்.

ஊரில் எனக்கென்று இருந்தது பக்கத்து வீட்டு அக்கா ஒருவர்தான். கரும்பும் மரவள்ளியும் போடுகிற குடும்பம். சாயங்காலமானால் காம்பவுண்டுச் சுவருக்கு அந்தப் பக்கம் அவரும் இந்தப் பக்கம் நானும் நின்று பேசுவோம். அவர் எதையும் கொடுக்கவும் மாட்டார், கேட்கவும் மாட்டார். வாய் ஓயாத பேச்சு மட்டும்தான். அதற்காகவே மீதிப் பொழுதைப் பொறுத்துக்கொண்டேன்.

இடஒதுக்கீடு கேட்டு மறியல் நடந்த வருஷம் அது. புளியமரங்களை வெட்டி ரோட்டில் தள்ளியிருந்தார்கள். பஸ் ஓடவில்லை. போலீஸ் வேன் வேனாக ஆட்களை ஏற்றிக்கொண்டு போனது. அதில் அக்காவின் மகனும் ஒருவன். காலேஜில் கடைசி வருஷம், பரீட்சை நெருங்கிக்கொண்டிருந்தது. அவர்களுடைய ஜாமீன் மனு என் கணவரிடம்தான் வந்தது.

அன்று சாயங்காலம் அக்கா சுவரருகே வரவில்லை. மறுநாளும் காணோம். என்மேல் கோபமோ என்று நானே கூப்பிட்டேன். துணி காயப்போட்டுக்கொண்டிருந்தவர் என் பக்கம் திரும்பாமலே சொன்னார்:

"உள்ள போம்மா. நாம பேசிக்கினு இருக்கிறத யாராச்சும் பாத்தா, நாளைக்கு அவரு இன்னா உத்தரவு போட்டாலும் அதுக்கு ஒரு கத கட்டிடுவாங்க."

பெற்ற பிள்ளை ஜெயிலில் கிடக்கிறான், இவர் என் வீட்டுக்காரர் பெயரைக் காப்பாற்றிக்கொண்டிருக்கிறார். சாப்பாடு போடும்போது கணவரிடம், "அந்தப் பையன்..." என்று ஆரம்பித்தேன். கையைக் காட்டி நிறுத்தினார். "நீ பேசிட்டா நான் இந்தக் கேஸைத் தொட முடியாது" என்றார். கல் மனசு என்று திட்டிக்கொண்டே ரசம் ஊற்றினேன்.

இரண்டு பக்க வாதத்தையும் கேட்டு, மனுப் போட்ட எல்லோருக்கும் ஒரே மாதிரி ஜாமீன் கொடுத்தார். பையன் வீட்டுக்கு வந்தான், பரீட்சையும் எழுதினான். அக்கா அப்போதும் சுவர்ப் பக்கம் வரவில்லை.

கொஞ்ச நாளில் மாற்றல் உத்தரவு வந்தது. அந்த ஊரில் அவருடைய பதவிக் காலம் இன்னும் முடியவில்லை. ஜாமீன் கொடுத்ததற்குத்தான் தூக்கியடித்துவிட்டார்கள் என்று ஊரில் பேசிக்கொண்டார்கள். நானும் அப்படித்தான் நினைத்துப் பொருமினேன். அவர் மட்டும், "காரணம் தேட ஆரம்பிச்சா அடுத்த ஊர்ல உத்தரவு எழுதறப்போ கை தயங்கும்" என்று சொல்லிவிட்டுப் புத்தகங்களைக் கட்டினார்.

சாமான்களை லாரியில் அனுப்பிவிட்டு நாங்கள் பஸ்ஸுக்குக் கிளம்பிய காலையில் அக்கா வீடு பூட்டியிருந்தது. சார்ஜ் ஒப்படைத்தாயிற்று, இனி என்ன தடை? ஒரு வார்த்தை சொல்லக்கூட வரவில்லையே என்று எனக்கு அழுகையும் ஆத்திரமுமாக வந்தது.

பஸ் வழியில் தியாகதுருகத்தில் நின்றது. அக்கா ஏறினார். அவரைப் பார்த்ததும் என் கணவர் என் பக்கத்திலிருந்து எழுந்து டிரைவருக்குப் பின்னால் இருந்த சீட்டில் போய் உட்கார்ந்துகொண்டார். அந்த இடத்தில் அக்கா உட்கார்ந்தார்.

"கேஸு இன்னும் முடியலியேம்மா. ஊருல வச்சு உன்ன வழியனுப்பினா அவரு போட்ட ஜாமீனுக்கு இன்னா மரியாத? அதான் மொத பஸ்ஸுலயே வந்து இங்க குந்திக்கினு இருந்தேன்."

உளுந்தூர்பேட்டைக்கு ஒரு டிக்கெட் வாங்கினார். அங்கே அவருக்கு ஒரு வேலையும் கிடையாது. நடுவில் சுவர் இல்லாமல் நாங்கள் உட்கார்ந்தது அன்றுதான். வழக்கைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. என் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, மரவள்ளி விலையையும் மருமகளாக வரப்போகிறவளையும் பற்றிச் சொல்லிக்கொண்டே வந்தார். நான் அழுதுகொண்டே சிரித்தேன்.

உளுந்தூர்பேட்டையில் அக்கா இறங்கிப் போகும்வரை என் கணவர் ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை.