ஏழு பேர் அறுத்த சரிவு

மலைச்சரிவை வெட்டித் தீயிட்டு, ஒரே குழியில் நெல்லும் பருத்தியும் பூசணியும் விதைப்பது ஜூம். வெட்டுவதற்கு முன்பு அம்மண்ணில் ஒரு பிடி எடுத்து, இலையில் பொதிந்து, தலைமாட்டில் வைத்து உறங்க வேண்டும். கனவில் நெல்லோ நீரோ வந்தால் வெட்டலாம். இறந்தவர் பேசினால், எத்தனை வளமான சரிவானாலும் விட்டுவிட வேண்டும். விடிந்ததும் கனவு முழுவதையும் ஊர்த்தலைவரான கார்பாரியிடம் சொல்வது முறை. நுவாசரா ஊரில் கனவை மறைத்தவர் எவரும் அதுவரை இல்லை. முதலில் மறைத்தவள் பிதுமுகி.

அவளுக்கு அப்போது நாற்பத்தெட்டு வயது. திரிபுராவின் அகதி முகாமில் பன்னிரண்டு ஆண்டுகள் துணி நெய்து பிழைத்தவள், அரசுக்கும் மலைப்போராளிகளுக்கும் அமைதி ஒப்பந்தம் கையெழுத்தான மறு ஆண்டு மற்றவர்களோடு சிட்டகாங் மலைக்குத் திரும்பினாள். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன்பு படை வந்து ஊரை எரித்த நாளில் ஆண்கள் ஏழு பேர் கிழக்குச் சரிவில் ஜூம் வெட்டிக்கொண்டிருந்தார்கள். ஏழு பேரும் திரும்பவில்லை. அவர்களில் ஒருவன் அவளுடைய கணவன் நீலோகாந்தோ. ஊரில் அவன் ஒருவன்தான் இடக்கையன். அவனுடைய வெட்டுக்கத்தியைக் கொல்லன் மற்றவர்களுடையதைப் போலன்றி மறுபக்கம் சாணை பிடித்துக் கொடுப்பான். "நீலோகாந்தோ பக்கத்துல நின்னு வெட்டாதீங்க, காது போயிரும்" என்பது ஊரார் கேலி.

திரும்பி வந்தபோது கிழக்குச் சரிவுக்கு வேறொருவர் பெயரில் அரசு கொடுத்த காகிதம் இருந்தது. சமவெளியிலிருந்து கொண்டுவந்து குடியேற்றப்பட்ட தமிஜுத்தீன் மியா, அடிவாரத்தில் தகரக்கூரை வேய்ந்து, ஆடு வளர்த்து, அன்னாசி பயிரிட்டு வாழ்ந்து வந்தார். பிதுமுகியிடம் காகிதம் இல்லை. அவள் மாமனார் காலத்திலும் இருந்ததில்லை.

"ஆடி மாசம் நில விசாரணை வருது. அதுக்குள்ள அந்தச் சரிவுல உன் நெல்லு முளைச்சிருந்தா, இவளோட ஜூம்தான்னு நான் சாட்சி சொல்வேன். வெறும் காடாக் கிடந்தா என் வாய்ச்சொல்லு எடுபடாது" என்றார் கார்பாரி கினாராம்.

அன்றிரவு அவள் அச்சரிவின் மண்ணைத் தலைமாட்டில் வைத்து உறங்கினாள். மறுநாள் காலை அவர் வீட்டுக்குச் சென்றபோது, அவர் மூங்கில் புகைக்குழாயைத் தட்டிக்கொண்டிருந்தார்.

"என்னம்மா பார்த்தே?"

"நெல்லு, மாமா. சரிவு முழுக்க விளைஞ்ச நெல்லு."

"அவ்வளவுதானா?"

"ஆளுங்க அறுத்துக்கிட்டு இருந்தாங்க."

"பின்னே என்ன, வெட்டு. காகிதம் இல்லாதவளுக்குக் கனவாவது நல்லா வந்திருக்கே."

அவள் சொல்லாமல் விட்டது இது. அறுத்தவர்கள் ஏழு பேர். முதுகில் கூடை சுமந்து வரிசையாகக் குனிந்திருந்தார்கள். ஒருவரும் முகம் திருப்பவில்லை. கடைசியில் நின்றவன் இடக்கையால் அறுத்தான். திரும்பாமலேயே அவன் சொன்னான்: "கொஞ்சம் தள்ளி நில்லு. எங்க மேல நிக்கிறே."

மாசி மாதத்தில் ஊரார் கூடி வெட்டினார்கள். தமிஜுத்தீன் அடிவாரத்தில் நின்று பார்த்தார்; தடுக்கவில்லை. அது பிதுமுகிக்கு வியப்பாக இருந்தது. அதைவிட வியப்பு வேறொன்று: பன்னிரண்டு ஆண்டுகள் அவர் ஆடு மேய்த்த அந்தச் சரிவின் நடுவே மட்டும் புல் இடுப்பளவு நின்றது. அங்கு ஓர் ஆட்டுப் புழுக்கைகூட இல்லை.

பங்குனி வெயிலில் வெட்டிய மூங்கில் காய்ந்தபின் தீ வைத்தார்கள். நெருப்பு சரிவில் ஏறியது; கணுக்கள் வெடித்தன; மாலைக்குள் மலை கருத்தது. நடுவில் இருந்த அந்த ஓரிடம் மட்டும் எரியவில்லை. வெட்டிப் போட்டிருந்த மூங்கில் அங்கே இன்றுதான் வெட்டியது போலப் பச்சையாக இருந்தது. நீளம் ஏழெட்டுத் தப்படி இருக்கும். அதன் நான்கு பக்கமும் சாம்பல்.

"ஊத்துக்கண் ஏதாச்சும் இருக்கும்" என்றார் கினாராம். ஆனால் அவரும் அதற்குள் கால் வைக்கவில்லை.

மழைக்கு முன்பு விதைக்க வேண்டும். மற்ற இடமெல்லாம் குழி போட்டு முடித்தபின், ஒரு முற்பகலில் பிதுமுகி தனியே அந்தப் பச்சைக்குள் இறங்கினாள். பறவை ஒன்றும் கத்தவில்லை. மூன்றாவது குழியில் கத்திமுனை இரும்பில் பட்டது. கையால் மண்ணை விலக்கி எடுத்தாள். துருவேறிய வெட்டுக்கத்தி. துருவைக் கட்டைவிரலால் தேய்த்துச் சாணைப் பக்கத்தைத் தேடினாள். அது மறுபக்கத்தில் இருந்தது.

அவள் அழவில்லை. சற்றே தள்ளி நின்றாள்.

"பார்த்துட்டீங்களா, அக்கா?"

சாம்பலின் விளிம்பில் தமிஜுத்தீன் நின்றிருந்தார். கையில் தொப்பியைக் கழற்றி வைத்திருந்தார்.

"உங்களுக்குத் தெரியுமா, மியா?"

"வந்த புதுசுல வாழை வைக்கலாம்னு கொத்தினேன். மண்ணு மெத்து மெத்துன்னு இருந்துச்சு. ஒரு கை தெரிஞ்சுது. மூடிட்டேன். அன்னையிலேர்ந்து ஒரு ஆடுகூட இங்க வராது. அடிச்சு ஓட்டினாலும் சுத்திக்கிட்டுத்தான் போகும்."

"பன்னிரண்டு வருசம். யார்கிட்டயாவது சொல்லியிருக்கக் கூடாதா?"

"யார்கிட்ட சொல்ல? எனக்குக் காகிதம் கொடுத்தவங்ககிட்டயா?" அவர் நிலத்தையே பார்த்தார். "நான் இந்த மலையக் கேக்கல, அக்கா. ஆத்துல வீடு போச்சு. லாரியில ஏத்தினாங்க, இறக்கினாங்க. கீழ யார் இருக்காங்கன்னு யாரும் சொல்லல."

அன்று மாலையே அவள் கினாராமிடம் மறைத்த பாதியைச் சொன்னாள். கிழவர் புகைக்குழாயைக் கீழே வைத்தார்.

"பொய் சொல்லிட்டியேம்மா" என்றார். "இப்ப என்ன செய்யறதுன்னு எனக்கே தெரியல. எரியூட்டாத பிணம் கிடக்கிற மண்ணுல விளைஞ்சதை நம்ம ஆளுங்க தின்ன மாட்டாங்க. ஆனா விதைச்சது விதைச்சாச்சு. விசாரணையில ஜூம்னு சொன்னா நிலம் உனக்கு. உன் இஷ்டம்."

அவளுக்கு வேறு நிலம் இல்லை. முகாமின் அரிசியும் நின்றுபோயிருந்தது.

விசாரணை ஆடி மாதத்தில், பள்ளிக்கூடக் கொட்டகையில் நடந்தது. சரிவில் நெல் முழங்கால் உயரம் நின்றது. அதிகாரி கோப்பைப் புரட்டிக்கொண்டே கேட்டார்: "அந்த நெல்லு உங்களதுதானே? அது உங்க ஜூமா?"

பிதுமுகி மடியில் துணி சுற்றி வைத்திருந்த கத்தியை எடுத்து மேசைமேல் வைத்தாள்.

"நெல்லு என்னோடது. நிலம் ஜூம் இல்லைங்க. அது எங்க ஊர் சுடுகாடு. ஏழு பேர் இருக்காங்க. இன்னும் எரிக்கல."

அவர்கள் வழக்கத்தில் சுடுகாடு ஒருவருக்குரியதன்று. அதை விற்கவோ உழவோ எவராலும் இயலாது. அவ்வாறு சொன்னால் தன் பங்கும் போகும் என்பதை அறிந்தே அவள் சொன்னாள்.

"சாட்சி?"

கினாராம் எழுவதற்குள் பின்வரிசையிலிருந்து தமிஜுத்தீன் எழுந்தார். தம் காகிதத்தை நான்காக மடித்துக் கத்தியருகே வைத்தார். "நான் பார்த்தேன், சார். அந்த நிலம் எனக்கு வேணாம். எனக்கு இருக்கிற அன்னாசி போதும்."

அதிகாரி எழுதுகோலை மூடினார். பிறகு திறந்து, 'சுடுகாடு' என்று எழுதினார்.

ஏழு பேரையும் அந்தச் சரிவிலேயே எரியூட்டினார்கள். ஈர மூங்கில்தான், ஆனால் இம்முறை முதல் பொறியிலேயே பற்றிக்கொண்டது. முழங்கால் நெல்லைப் பிதுமுகி அப்படியே விட்டுவிட்டு, தொலைவிலிருந்த கினாராமின் ஜூமில் பங்குக்குக் களை பறிக்கச் சென்றாள்.

ஐப்பசியில் ஊர் முழுவதும் விகாரையில், பிக்குகளுக்குத் துவராடை அளிக்கும் விழாவில் இருந்தது. மறுநாள் காலை தமிஜுத்தீன் ஒற்றையடிப் பாதையில் அவளை நிறுத்தினார்.

"அக்கா, உங்க ஆளுங்க வந்து அறுத்துட்டாங்களே, எப்ப வந்தாங்க? ஒரு சத்தமும் கேக்கல."

"எங்க ஆளுங்க எல்லாரும் ரெண்டு நாளா விகாரையில இருந்தோம், மியா."

இருவரும் மேலே ஏறினார்கள். சரிவு முழுவதும் அறுக்கப்பட்டிருந்தது. சிந்திய மணி ஒன்றுகூட இல்லை. அடித்தாள்கள் ஆறு வரிசையில் ஒரே பக்கம் சாய்ந்து வெட்டப்பட்டிருந்தன. ஏழாவது வரிசையின் வெட்டு மறுபக்கம் சாய்ந்திருந்தது.

பிதுமுகி அந்த வரிசையின் ஓரமாக, எதன்மேலும் கால் வைக்காமல், அதன் கடைசி வரை நடந்தாள்.